பால் மறந்த பன்றிக்குட்டிக்குத் தீவனத்தில் கொழுப்பு சேர்த்தும் எடை ஏறாதது ஏன்?

குட்டியின் குடல் அதற்கு இன்னும் பழகவில்லை. தாய்ப்பாலில் ஏறக்குறைய 7 சதவீதம் கொழுப்பு உண்டு. நுண்துளிகளாகவே இருப்பதால் எளிதில் செரிக்கும். 21 முதல் 28 நாள் வயதில் பாலை நிறுத்தியதும் கொழுப்பைச் செரிக்கும் லைப்பேஸ் நொதியின் வேகம் குறைகிறது. தீனியும் சரியாக எடுக்காமல், பாவம், தன் உடற்கொழுப்பையே கரைத்துத்தான் அந்த முதல் வாரத்தைக் கடக்கிறது.

அப்போது மாட்டுக்கொழுப்பு வேண்டாம். கணிசமான பகுதி மலத்தோடு போய்விடும். நான் தேங்காய் எண்ணெயையே சொல்வேன். அதிலுள்ள நடுத்தர நீளக் கொழுப்பு அமிலங்கள் குடலிலிருந்து நேரே கல்லீரலுக்குச் சென்று விரைவில் ஆற்றலாகின்றன. லெசித்தின் கொழுப்பைத் துளிகளாக உடைக்க உதவும், ஆனால் பலன் எப்போதும் ஒரேபோல் இருப்பதில்லை. எதைச் சேர்த்தாலும் குட்டி முதலில் தின்ன வேண்டும்: கொட்டகையைக் கதகதப்பாக வையுங்கள், தீனியைச் சிறுகச் சிறுகப் பலமுறை வையுங்கள்.