கண்ணை உருட்டாத நடிகை

கேள்வி: உலக சினிமாவின் முதல் பெரிய நடிகை என்று டென்மார்க்கின் ஆஸ்டா நீல்சனைச் சென்ற இதழில் சொல்லியிருந்தீர்கள். மௌனப்பட நடிப்பு என்றாலே கண்ணை உருட்டுவதும், நெஞ்சில் கைவைத்து மயங்கி விழுவதும்தானே? மேடையில் எடுபடாமல் சினிமாவுக்கு வந்தவர், பெண்ணாக இருந்துகொண்டு ஷேக்ஸ்பியரின் ஹாம்லெட் வேடம் கட்டி விளம்பரம் தேடியவர், சொந்த நாடே மறந்துவிட்டவர். ஹாலிவுட்டின் கிரேட்டா கார்போ இருக்கும்போது இவரை எதற்குத் தூக்கிப் பிடிக்கிறீர்கள்?
– ஒரு வாசகர், கோயம்புத்தூர்

பதில்: உங்கள் கடிதத்தில் ஒரு விஷயம் சரி. மேடையில் அவர் எடுபடவில்லை. ஏன் எடுபடவில்லை என்று யோசித்திருந்தால் மற்றதை நீங்கள் எழுதியிருக்கவே மாட்டீர்கள்.

ஆஸ்டா 1881இல் கோபன்ஹேகனின் வெஸ்டர்ப்ரோவில் பிறந்தார். அப்பா கொல்லர், அடிக்கடி வேலையில்லாமல் இருந்தவர். அம்மா துணி வெளுத்துக் குடும்பத்தை ஓட்டினார். பிழைப்புக்காக ஸ்வீடனின் மால்மோவுக்குப் போய்ச் சில காலம் இருந்துவிட்டுத் திரும்பினார்கள். ஆஸ்டாவுக்குப் பதினான்கு வயதில் அப்பா போய்ச் சேர்ந்தார். அந்த வீட்டிலிருந்து கிளம்பிய பெண், நாட்டின் முதல் நாடக மேடையான ராயல் தியேட்டரின் நடிப்புப் பள்ளிக்குள் நுழைந்தார். அங்கே படிக்கும்போதே, 1901இல், மணமாகாமல் மகள் யெஸ்டாவைப் பெற்றார். குழந்தையின் தகப்பன் யார் என்பதை அவர் வெளியில் சொல்லவில்லை. அம்மாவும் அக்காவும் கைகொடுக்கக் குழந்தையைத் தன்னோடு வைத்து வளர்த்தார். நூற்றிருபது வருடங்களுக்கு முன் இதைச் செய்யும் துணிச்சல் எத்தனை பேருக்கு இருந்திருக்கும்?

படிப்பு முடிந்ததும் டாக்மார் தியேட்டர், பிறகு நார்வேயிலும் ஸ்வீடனிலும் ஊர் ஊராக நாடகம், அப்புறம் கோபன்ஹேகனின் ‘புதிய தியேட்டர்’. எட்டு வருடம் இப்படியே போயிற்று. கிடைத்தவை பெரும்பாலும் துண்டு துக்கடா வேடங்கள். ஒல்லி உடம்பு, கறுத்த முடி, முகத்தில் பாதியை எடுத்துக்கொள்ளும் கண்கள், கனத்த குரல். அன்றைய டேனிஷ் மேடை நாயகிக்கு வைத்திருந்த அளவுச் சட்டைக்குள் இவர் அடங்கவில்லை. இன்னொன்றும் உண்டு, இது என் கணிப்பு. கடைசி வரிசைக்கும் எட்டும்படி எல்லாவற்றையும் பெரிதாக்கிக் காட்டச் சொல்லும் இடம் மேடை. ஆஸ்டாவின் பலமோ சிறியதில் இருந்தது: இமை தாழ்வது, தோள் இறங்குவது, ஒரு அடி எடுத்து வைக்குமுன் வரும் தயக்கம்.

1910இல் அவரும், நாடகத்துறையில் இருந்த ஊர்பன் காட் என்பவரும் சேர்ந்து ஒரு படம் எடுத்தார்கள். சினிமாவில் நிலைப்பது அவர்கள் எண்ணமில்லை. இந்தப் பெண்ணால் என்ன முடியும் என்று நாடக முதலாளிகளுக்குக் காட்டத்தான் அந்தப் படம். சுமார் 8,000 குரோனர் செலவு, ஏறத்தாழ ஒரு வாரப் படப்பிடிப்பு. பெயர் ‘அஃப்க்ருண்டன்’, அதாவது பாதாளம். அந்த ஆண்டு செப்டம்பர் 12ஆம் தேதி கோபன்ஹேகனின் கோஸ்மோராமா அரங்கில் வெளியானது. முந்தைய நாள்தான் ஆஸ்டாவுக்கு 29 வயது நிறைந்திருந்தது.

கதை எளிது. பியானோ சொல்லிக்கொடுக்கும் மக்டா, டிராமில் சந்தித்த பாதிரியார் மகனுக்கு நிச்சயமாகிறாள், சர்க்கஸ்காரன் ஒருவனோடு ஓடிப்போகிறாள், அவனாலேயே சீரழிகிறாள். எல்லோரும் பேசுவது நடுவில் வரும் நடனத்தைப் பற்றி. உடலை இறுக்கிய கறுப்பு உடையில், அவனைக் கயிற்றால் கட்டிவிட்டு அவனைச் சுற்றி ஆடுவாள். பல ஊர்களில் தணிக்கையாளர்கள் பதறிய காட்சி அது. கேமரா மேடைக்கு நேரே நிற்கவில்லை, பக்கவாட்டில் நிற்கிறது. அதனால் அவள் எதிரே இருக்கும் கூட்டத்துக்காக ஆடுவதாக நமக்குத் தோன்றுவதில்லை. அந்த ஒருவனுக்காக மட்டும் ஆடுவதுபோல இருக்கிறது. அந்தப் படத்தில் இன்று நாம் சொல்லும் குளோசப் கிடையாது. முழு உருவமும் தெரியும் தூரத்திலேயே கேமரா நிற்கிறது. அந்தத் தூரத்திலிருந்தும் அவள் மனசு நமக்குப் படிக்கக் கிடைக்கிறது. பக்கத்தில் நடிப்பவர்கள் கையை வீசிக்கொண்டிருக்க, இவர் சும்மா நிற்கிறார். நம் கண் இவரிடம்தான் போகிறது.

கண்ணை உருட்டுவது என்கிறீர்களே, அந்த எண்ணம் எங்கிருந்து வந்தது என்று சொல்கிறேன். அந்தக் காலத்துப் படங்கள் பெரும்பாலும் நொடிக்குப் பதினாறு, பதினெட்டு பிரேம் வேகத்தில் எடுக்கப்பட்டவை. பேசும் படத்துக்கான இருபத்துநான்கு பிரேம் வேகத்தில் ஓட்டினால் நடப்பவர் ஓடுவார், திரும்புபவர் துள்ளுவார். தொலைக்காட்சியில் துண்டு துண்டாகக் காட்டப்பட்ட மௌனப்படங்களை நம்மில் பெரும்பாலோர் பார்த்தது அப்படித்தான். ஓட்டியவரின் தப்பை நடித்தவர் தலையில் கட்டிவிட்டோம். மிகையாக நடித்தவர்கள் அன்றும் உண்டு, மறுக்கவில்லை. ஆனால் ஆஸ்டா பெயரை எல்லோரும் சொன்னதே அவர் அதைச் செய்யாததால்தான்.

படம் ஜெர்மனியில் வெடித்தது. அதுவரை ஒரு படத்தை மீட்டர் கணக்கில், துணி வெட்டிக் கொடுப்பதுபோல, கேட்பவருக்கெல்லாம் விற்றுவிடுவார்கள். இந்தப் படத்தை அங்கே வாங்கிய டுசல்டார்ஃப் விநியோகஸ்தர் ஏரியா ஏரியாவாகத் தனி உரிமை கொடுத்து வாடகைக்கு விட்டார். ஜெர்மனியில் அப்படி விற்கப்பட்ட முதல் படங்களில் அதுவும் ஒன்று. 1911இல் ஆஸ்டாவும் ஊர்பன் காட்டும் பெர்லின் போனார்கள். அடுத்த சில ஆண்டுகளில் முப்பதுக்கு மேற்பட்ட படங்கள். ‘ஆஸ்டா நீல்சன் வரிசை’ என்று, எடுக்காத படங்களையே சீசன் சீசனாக முன்கூட்டி விற்றார்கள். நடிகர் பெயருக்காகவே படம் விலைபோகும் வழக்கம் ஐரோப்பாவில் வேரூன்றியது இவரால். அழுகைப் படம் மட்டும் இல்லை. ‘எங்கெலைன்’ என்ற நகைச்சுவையில், பன்னிரண்டு வயதுச் சிறுமியாக நடிக்க வேண்டிய கட்டாயத்தில் மாட்டிய பதினேழு வயதுப் பெண்ணாக வருகிறார். அப்போது அவருக்கு முப்பதைத் தாண்டிவிட்டது. நீங்கள் நம்பியே ஆக வேண்டிய நடிப்பு.

இனி ஹாம்லெட். விளம்பரம் என்கிறீர்கள். பெண் ஒருவர் ஹாம்லெட்டாக நடிப்பது 1921இல் புதுமையே இல்லை. பிரான்சின் சாரா பெர்ன்ஹார்ட் 1899லேயே அந்த வேடத்தைக் கட்டிவிட்டார். பெர்ன்ஹார்ட் நடித்தது ஆணாக. ஆஸ்டா செய்தது வேறு. ஹாம்லெட் உண்மையில் பெண்ணாக இருந்திருக்க வேண்டும் என்று எட்வர்ட் வைனிங் என்ற அமெரிக்கர் 1881இல் ஒரு புத்தகம் எழுதினார். தன் சொந்தக் கம்பெனியில் எடுத்த இந்தப் படத்துக்கு ஆஸ்டா அந்த எண்ணத்தை எடுத்துக்கொண்டார். ராஜா போரில் செத்துவிட்டதாகச் செய்தி வருகிறது. ராணிக்குப் பெண் குழந்தை பிறக்கிறது. அரியணை கைவிட்டுப் போகாமலிருக்க, பிறந்தது ஆண் என்று அறிவித்துவிடுகிறாள். ராஜா உயிரோடு திரும்புகிறார். சொன்ன பொய்யை மாற்ற வழியில்லை.

அந்தக் குழந்தை வளர்ந்து ஹாம்லெட் ஆகிறது. நண்பன் ஹொரேஷியோமேல் காதல், அதைச் சொல்ல முடியாது. அவன் ஒஃபீலியாவைப் பார்க்கிறான். இவள் அதைப் பார்க்கிறாள். மூலநாடகத்தில் ஹாம்லெட் பழிவாங்க ஏன் தயங்குகிறான் என்று நாம் கேட்டுக்கொண்டே இருப்போமே, அந்தத் தயக்கத்துக்கு இங்கே இன்னொரு வேர் முளைக்கிறது. இவள் தன் வாழ்க்கையில் எதைச் செய்தாலும் அது நடிப்பு. அந்த இரட்டை வேடத்தை ஆஸ்டா கால்களால் நடிக்கிறார்: பிறர் முன்னால் ஒரு நடை, தனியே இருக்கும்போது ஒரு நடை. அவள் செத்த பிறகு, உடலைத் தாங்கிய கையால்தான் ஹொரேஷியோவுக்கு உண்மை தெரிகிறது. அந்தக் காலத்து வண்ணம் ஏற்றிய பிரதி ஒன்று கிடைத்து, செப்பனிடப்பட்டு, 2007இல் பெர்லின் திரைப்பட விழாவில் திரையிடப்பட்டது. எண்பத்தாறு வருடம் தாங்கிய விளம்பரமா இது?

கார்போவோடு மோதவிட்டிருக்கிறீர்கள். எனக்கு அவரையும் பிடிக்கும். இருவரும் ஒரே படத்தில் நடித்திருக்கிறார்கள்: 1925இல் பாப்ஸ்ட் இயக்கிய ‘மகிழ்ச்சியற்ற தெரு’. பணவீக்கத்தில் சிதைந்த வியன்னா, கறிக்கடை வாசலில் இரவெல்லாம் வரிசை. கார்போவுக்கு அப்போது பத்தொன்பது வயது, ஆஸ்டாவுக்கு நாற்பத்துமூன்று. கார்போவின் பெண் தப்பிக்கிறாள். ஆஸ்டாவின் மரியா பொறாமையில் ஒரு கொலையைச் செய்துவிட்டு, பழியைக் காதலன்மேல் விழவிடுகிறாள். பின்னர் கார்போ ஹாலிவுட்டில் பெரிய பெயராகிவிட, அமெரிக்காவில் ஓடிய பிரதியில் ஆஸ்டாவின் பகுதியில் பெரும்பங்கு வெட்டப்பட்டது. கார்போ இருக்க இவர் எதற்கு என்ற உங்கள் கேள்வியை அன்றே சிலர் கத்தரிக்கோலால் கேட்டுவிட்டார்கள். முழுமைக்குக் கிட்டத்தட்டத் திருப்பிய பிரதிகள் இப்போது உண்டு. அதைப் பார்த்துவிட்டு ஒப்பிடுங்கள்.

பேசும் படம் வந்தபோது அவர் நடித்தது ஒரே ஒரு படத்தில், 1932இல். குரல் காரணமில்லை, அந்தக் குரலை ஜெர்மன் மேடைகள் கேட்டிருக்கின்றன. நாஜிகள் ஆட்சிக்கு வந்ததும் கோயபல்ஸ் அவருக்குச் சொந்தப் படக் கம்பெனியே வைத்துத் தருவதாக ஆசை காட்டினார். ஆஸ்டா ஏற்கவில்லை. எழுபது படங்கள் எடுத்த நாட்டை விட்டு ஊர் திரும்பினார்.

‘சொந்த நாடே மறந்துவிட்டது’ என்ற வரிதான் என்னை அதிகம் வருத்தியது. மறக்கவில்லை, கதவைத் திறக்கவில்லை. வாழ்நாள் முழுக்க டென்மார்க்கில் அவர் நடித்த படங்கள் நான்கே. திரையரங்கு நடத்த அரசு அனுமதி வேண்டிய காலம் அது, கேட்டார், கொடுக்கவில்லை. அந்த முதல் படத்தில் கயிற்றால் கட்டப்பட்டு நின்ற சர்க்கஸ்காரன் பௌல் ரெயுமெர்ட். அவர் டேனிஷ் மேடையின் சிகரமானார், இன்று அந்நாட்டின் பெரிய நாடக விருது அவர் பெயரில் இருக்கிறது. கட்டியவர் பெயரில் அப்படி ஒன்று இல்லை. பழைய படங்களைத் திரையிடும் கோபன்ஹேகன் சினிமாடெக்கின் அரங்குகளில் ஒன்றுக்கு ஆஸ்டா என்று பெயர் வைத்திருக்கிறார்கள், அதையும் சொல்லத்தான் வேண்டும். அவர் புலம்பிக்கொண்டு உட்காரவில்லை. சுயசரிதை எழுதினார், துணித்துண்டுகளை ஒட்டிப் படங்கள் செய்தார், 1968இல் தன்னைப் பற்றிய ஆவணப்படத்தைத் தானே எடுத்தார், எண்பத்தெட்டாம் வயதில் கல்யாணம் செய்துகொண்டார். 1972 மே மாதம் இறந்தபோது வயது தொண்ணூறு.

‘அஃப்க்ருண்டன்’ முப்பத்தேழு நிமிடம்தான். டேனிஷ் திரைப்படக் கழகம் இணையத்தில் இலவசமாகவே வைத்திருக்கிறது. கடைசிக் காட்சியில் மக்டா மேசைக் கத்தியால் அவனைக் குத்திவிடுகிறாள். போலீஸ் அவளைக் கூட்டிக்கொண்டு போகிறது. வேடிக்கை பார்ப்பவர்களுக்கு நடுவே, பழைய காதலனையும் கடந்து, படியிறங்கி வருகிறாள். அழவில்லை, கதறவில்லை, யாரையும் பார்க்கவில்லை. அந்த முகத்தில் எங்கே கண் உருளுகிறது என்று எனக்கு எழுதுங்கள். அடுத்த இதழிலேயே போடுகிறேன்.