மாமன் பட்டறையில் மகனுக்கு என்ன வேலை?

கேள்வி: பேரணாம்பட்டில் என் அண்ணன் ஷூ அப்பர், அதாவது ஷூவின் மேல்பகுதியை, தோலில் வெட்டித் தைத்துக் கொடுக்கும் யூனிட் நடத்துகிறார். 40 பேர் வேலை செய்கிறார்கள். பிளஸ் டூ முடித்த என் மகன் மூன்று ஆண்டுகளாக அங்குதான் இருக்கிறான். சம்பளம் என்று தனியாக இல்லை. செலவுக்குக் கேட்டால் மாமா கொடுப்பார். பதினோரு மணிக்கு வருகிறான், பொறுப்பே இல்லை என்று அண்ணன் என்னிடம் புலம்புகிறார். மாமா என்னை எதற்கும் நம்புவதில்லை என்கிறான் மகன். நான் யார் பக்கம் பேசுவது?

பதில்: அம்மா, யார் பக்கமும் பேசாதீர்கள். முதலாளி சொல்ல வேண்டியதைத் தாயாக நீங்கள் சொல்கிறீர்கள். வேலையாள் சொல்ல வேண்டியதைத் தங்கையாக நீங்களே போய்ச் சொல்கிறீர்கள். அவர்கள் இருவரும் நேருக்கு நேர் பேசியே மூன்று ஆண்டுகள் ஆகியிருக்கும்.

மகன் அங்கே 'இருக்கிறான்' என்று எழுதியிருக்கிறீர்கள். என்ன வேலை என்று ஒரு வரிகூட இல்லை. மேற்பார்வை என்பீர்கள். தையலே தெரியாத பையன், பல ஆண்டுகளாக மெஷினில் உட்கார்ந்திருக்கும் பெண்களை என்னவென்று மேற்பார்ப்பான்? செல்போனைத்தான் பார்ப்பான்.

அவனைக் கட்டிங்கில் போடச் சொல்லுங்கள். தோலில் முதுகுப் பகுதி இறுக்கமானது. வயிற்றுப் பகுதி இழுத்தால் நீளும். ஷூவின் முன்பக்கத் துண்டை முதுகிலிருந்து எடுப்பார்கள், லேஸுக்கு அடியில் வரும் நாக்குத் துண்டுக்கு வயிறு போதும். உண்ணி கடித்த தழும்பு, முள் கீறல் எல்லாவற்றையும் வெளிச்சத்தில் தடவிப் பார்த்த பிறகே டையை, அதாவது வெட்டும் அச்சை, வைப்பார்கள். இடம் தப்பினால் தோல் வீண். எத்தனை ஜோடி வெட்டினான், எவ்வளவு வீணாக்கினான் என்று தினமும் மாலையில் எழுதினால், திட்டுவதற்கும் பாராட்டுவதற்கும் கையில் ஒரு கணக்கு இருக்கும். அந்தக் கணக்கைக் கேட்பவர் மாமாவாக இருக்கக் கூடாது, கட்டிங் மாஸ்டராக இருக்கட்டும்.

சம்பள விஷயத்தில் எனக்குக் கோபமே வருகிறது. 20 பேர் இருந்தாலே பி.எஃப். உண்டு, மாதம் 21,000 ரூபாய் வரை வாங்குபவருக்கு இ.எஸ்.ஐ. மருத்துவக் காப்பீடும் உண்டு. வீட்டுப் பிள்ளைக்கு எதற்கு என்று விட்டுவிட்டார்கள். நாளை ஆம்பூரில் ஒரு கம்பெனி வாசலில் நின்றால், மூன்று ஆண்டு அனுபவத்துக்கு அவனிடம் ஒரு துண்டுச் சீட்டுகூட இருக்காது. வங்கிக் கணக்கில் சம்பளம் போடட்டும். பிந்தி வந்தால் மற்றவர்களுக்குப் போலவே பிடிக்கட்டும். பிடித்த பணத்தை நீங்கள் அவன் சட்டைப்பையில் வைக்காதீர்கள்!

மூன்று மாதம் பாருங்கள். கை பழகவில்லை என்றால் அண்ணன் அவனைத் தனியே உட்காரவைத்துச் சொல்ல வேண்டும், கல்யாண வீட்டுப் பந்தியில் அல்ல. தொழில் பிடித்து, முறையாகக் கற்காததுதான் குறை என்றால் சென்னை கிண்டியில் மத்திய அரசின் காலணிப் பயிற்சி நிறுவனம் இருக்கிறது. தோலே பிடிக்கவில்லை என்றால் வேலூர் அரசு ஐ.டி.ஐ.யில் வேறு தொழிலை விசாரிக்கலாம்.

எது பிடிக்கும் என்பதும் உங்கள் கடிதத்தில் இல்லை. அடுத்த கடிதத்தை அவனையே எழுதச் சொல்லுங்கள்.