எடை போடுற இடத்துல புலி, நோட்டுல சறுக்கல்

கேள்வி: டீச்சர் வணக்கம். எங்களுக்கு அரை ஏக்கர் தேயிலை இருக்கு. அஞ்சாவது படிக்கிற பையன் இலை எடை போடுறப்ப கூடவே வருவான், 16 கிலோ, மழைத்தண்ணிக்கு ரெண்டு கழிச்சா 14, கிலோ 22 ரூபான்னா "பத்துக்கு 220, நாலுக்கு 88, 308 வரணும்மா"ன்னு ஏஜென்ட் கால்குலேட்டர் தட்டுறதுக்குள்ள சொல்லிடுறான். அதே 22 பெருக்கல் 14, பரீட்சையில 110ன்னு எழுதியிருக்கான். அவங்கப்பா தெனம் அம்பது பெருக்கல் போடச் சொல்லி உக்கார வெச்சிருக்கார். சோம்பேறித்தனமா டீச்சர்?
- வாசகி, கோத்தகிரி

பதில்: சோம்பேறியெல்லாம் இல்லம்மா. 110 எப்படி வந்துச்சுன்னு பாருங்க, நாலால பெருக்கி 88, ஒண்ணால பெருக்கி 22, அதை ஒரு இடம் தள்ளாம நேரா கீழ எழுதிக் கூட்டிட்டான். ஏஜென்ட் 110 ரூபா நீட்டியிருந்தா சண்டைக்கே போயிருப்பான், நோட்டுல மட்டும் சந்தேகமே வரல, ஏன்னா அங்க அது காசு இல்ல, வெறும் எண்ணு.

பிரேசில்ல ரெசிஃபேங்கிற ஊர்ல தெருவுல தேங்கா அது இதுன்னு வித்த பிள்ளைங்கள வெச்சு பண்ணின ஆய்வு 1985ல வந்துச்சு. அஞ்சே பிள்ளைங்கதான், ஆனா யாவாரத்துல 98 சதவீதம் சரி, அந்த மாதிரி கணக்கையே வெறும் எண்ணா குடுத்தா 37தான்.

வைகாட்ஸ்கின்னு ரஷ்யாக்கார உளவியல் அறிஞர் ஒருத்தர் சொன்னது, புள்ளை தனியா முடியாம, யாராவது கொஞ்சம் கைகுடுத்தா முடிக்கிற ஒரு எல்லை இருக்கு, படிப்பு அங்கதான் நடக்கும்னு. கட்டடத்துக்கு சாரம் கட்டுவாங்கல்ல, அந்த மாதிரி உதவியைக் குடுத்துட்டு அப்புறம் எடுத்துடணும். "ஏஜென்ட்கிட்ட சொன்னதை அப்படியே எழுதுடா"ன்னு சொல்லுங்க, 220, 88. பக்கத்துலயே ஸ்கூல் முறையில போடச் சொல்லுங்க, கீழ் வரிசை 22 நெஜத்துல 220ன்னு அவனுக்கே தெரிஞ்சுடும்.

அம்பது வேணாம், தப்பையே அம்பது தடவை போட்டா அதுதான் கைக்குப் பழகும், மூணு போதும், போடுறதுக்கு முன்னாடி சுமாரா எவ்ளோ வரும்னு கேளுங்க. வாய்ப்பாடு மனப்பாடத்தை மட்டும் விட்டுடாதீங்க, அது இருக்கப்போயிதான் 88 டக்குன்னு வந்துச்சு.

கேள்வி: என் பொண்ணு விஷுவல் லேர்னரா, அதாவது கண்ணால பார்த்தாதான் நல்லா படிக்கிற ரகமான்னு பார்க்க டியூஷன்ல டெஸ்ட்டுக்கு காசு கேக்குறாங்க, கட்டலாமா?
- வாசகர், குன்னூர்

பதில்: கட்டாதீங்க. 2008ல பாஷ்லர்ங்கிற உளவியல் ஆய்வாளரும் இன்னும் மூணு பேரும் அதுவரைக்கும் வந்த ஆய்வையெல்லாம் அலசிட்டு, பார்த்துப் படிக்கிற புள்ளை, கேட்டுப் படிக்கிற புள்ளைன்னு பிரிச்சு சொல்லிக்குடுக்கிறதுக்கு தகுந்த ஆதாரம் இல்லைன்னுட்டாங்க. மேப்புன்னா எந்தப் புள்ளையும் பார்த்துதான் படிக்கணும், பாட்டுன்னா கேட்டுத்தான்.