அரசு மாத்திரைக்கு பவர் கம்மியா?

இந்த வாரம் வந்ததுல மூணு கேள்வி ஆஸ்பத்திரி செலவு பத்தினது. 28 வருஷம் அரசு ஆஸ்பத்திரி மருந்து கவுன்ட்டர்ல நின்னவங்கிற முறையில எனக்குத் தெரிஞ்சதைச் சொல்றேன்.

கேள்வி: அக்கா, எங்க மாமியாருக்கு சுகரும் பிரஷரும் இருக்கு. பி.எச்.சி-ல (ஆரம்ப சுகாதார நிலையத்துல) ஃப்ரீயா தர்ற மாத்திரைக்கு பவர் கம்மின்னு பக்கத்து வீட்டுல சொல்றாங்க, அதனால வெளிய வாங்குறோம், மாசம் 1,800 ரூபா ஆகுது. நிஜமாவே பவர் கம்மியா?
வாசகி, மணப்பாறை

பதில்: இல்லம்மா. இந்தக் கேள்விய கவுன்ட்டர்ல தினம் கேட்டிருக்கேன், அதனால கொஞ்சம் விலாவாரியாவே சொல்லிடுறேன்.

நான் வேலைக்குச் சேர்ந்த புதுசுல மாத்திரை ஸ்ட்ரிப்ல வராது, ஆயிரம் மாத்திரை ஒரே டின்ல வரும், எண்ணி பேப்பர்ல மடிச்சுக் குடுப்போம். ஐப்பசி மழையில டின்னைத் திறந்தா அடியில இருக்கறதெல்லாம் ஈரம் இழுத்து மாவாட்டம் ஒட்டிக்கிட்டிருக்கும். ஒரு மருந்து குவிஞ்சு கிடக்கும், இன்னொண்ணு மாசக்கணக்கா வராது. ஜனங்க மனசுல இன்னிக்கும் நிக்கிறது அந்தக் காலத்து டின் தான்னு நினைக்கிறேன்.

அதை மாத்துனது தமிழ்நாடு மருத்துவப் பணிகள் கழகம், அரசு ஆஸ்பத்திரிகளுக்கு மருந்து வாங்கிக் குடுக்கற அரசு நிறுவனம். 1994 ஜூலைல கம்பெனியா பதிவாச்சு, 95 ஜனவரியில வேலைய ஆரம்பிச்சாங்க. செஞ்சது என்னன்னா, மொதல்ல எந்த மருந்தெல்லாம் கட்டாயம் வேணும்னு ஒரு லிஸ்ட் போட்டு, பிராண்ட் பேரு இல்லாம மருந்தோட பேருலயே மாநிலம் முழுக்க ஒரே டெண்டர் விட்டாங்க. டெண்டருக்கு ரெண்டு கவர். கம்பெனியோட தகுதி, தயாரிப்புத் தரம் எல்லாம் முதல் கவர்ல, விலை ரெண்டாவது கவர்ல, முதல்ல தேறுனாத்தான் ரெண்டாவதையே பிரிப்பாங்க. அப்புறம் சரக்கு மாவட்டக் கிடங்குக்கு வந்ததும் நேரா எங்ககிட்ட வந்துடாது, ஒவ்வொரு பேட்ச்லயும் சாம்பிள் எடுத்து, கம்பெனி பேர மறைச்சு ஒரு கோட் நம்பர் போட்டு லேபுக்கு அனுப்புவாங்க, யாரோட மாத்திரைன்னு லேபுக்கே தெரியாது, ரிசல்ட் வர்ற வரைக்கும் அந்தப் பெட்டி தனியா கிடக்கும், பாஸ் ஆனாத்தான் வெளிய வரும். ஃபெயில் ஆகுற பேட்சும் உண்டு, பிடிக்கத்தானே டெஸ்ட் பண்றதே.

எங்களுக்கு பேங்க் மாதிரி ஒரு பாஸ்புக் குடுத்தாங்க. ஆஸ்பத்திரிக்கு இந்த வருஷம் இவ்வளவு தொகைன்னு அதுல இருக்கும், எடுக்க எடுக்க கழிப்பாங்க. எங்க ஊருக்கு என்ன ஓடுதுன்னு பாத்து நாங்களே கேட்டு வாங்குனோம். அந்தப் பாஸ்புக்க முதல் தடவ கையில வாங்குன நாள் எனக்கு இன்னும் ஞாபகம் இருக்கு.

விலை குறைய தரத்துல கை வைக்கல. விளம்பரம் இல்ல, டாக்டர் டாக்டரா போய் மருந்து விக்கிற ரெப் இல்ல, நடுவுல ஏஜென்சி கமிஷன் இல்ல, மாநிலத்துக்கே சேத்து ஒருத்தர் வாங்குறாங்க, அவ்வளவுதான். மாமியாரோட ரெண்டு ஸ்ட்ரிப்பையும் பக்கத்துல வச்சுப் பாருங்க, மேல பெரிய எழுத்துல இருக்கற பிராண்டை விட்டுட்டு கீழ சின்ன எழுத்துல மெட்ஃபார்மின் 500, அம்லோடிபின் 5னு இருக்கா, ரெண்டும் ஒண்ணா இருந்தா அதே மருந்துதான். ஆனா நீங்களா மாத்தாதீங்க, ரெண்டையும் டாக்டர்கிட்ட காட்டிட்டு மாத்துங்க.

கேள்வி: 5 லட்சம் ரூபா காப்பீட்டு அட்டை இருந்தும் மருந்துச் செலவுக்கே கடன் வாங்குறோமே, அது ஏன்?
வாசகர், சங்கரன்கோவில்

பதில்: முதலமைச்சர் காப்பீடு, பெட்ல சேத்து பண்ற ஆபரேஷன், சிகிச்சைக்குத்தான் சார். மாசாமாசம் கடையில வாங்குற மாத்திரைக்கு அதுல பணம் வராது. நம்ம வீடுகள்ல பணம் கரையறது பெரும்பாலும் இந்த மருந்துக் கடையிலயும் ஓ.பி-லயும்தான். கிட்னி போன பிறகு டயாலிசிஸுக்கு அட்டை உதவுது, கிட்னிய காப்பாத்தியிருக்க வேண்டிய பிரஷர் மாத்திரைக்கு உதவல, இத நினைச்சா எனக்கு வயிறு எரியும்.

எங்க சித்தப்பா கொத்து வேலை பாத்தவர். பிரஷர் மாத்திரை ஃப்ரீதான், ஆனா அத வாங்க ஒரு நாள் கூலி போச்சு, காலைல ஓ.பி சீட்டுக்கு ஒரு க்யூ, டாக்டருக்கு ஒரு க்யூ, மருந்துக்கு ஒரு க்யூ. நாலு மாசம் போனார், அப்புறம் விட்டுட்டார், அடுத்த வருஷம் பக்கவாதத்துல வலது கை விழுந்துடுச்சு. அந்தக் கூலியும் மருத்துவச் செலவுதான்னு எந்தக் கணக்குலயும் வராது. அதனாலதான் 2021 ஆகஸ்ட் 5 அன்னிக்கு கிருஷ்ணகிரி மாவட்டம் சாமனப்பள்ளியில மக்களைத் தேடி மருத்துவம் ஆரம்பிச்சப்ப எனக்கு அவ்வளவு சந்தோஷம். சுய உதவிக் குழுப் பொண்ணுங்களே வீட்டுக்கு வந்து பிரஷர், சுகர் பாத்து மாத்திரை குடுக்குறாங்க. இன்னும் பணம் போடணும்னா இதுலதான் முதல்ல போடணும்னு நான் சொல்வேன். உங்க ஊர் துணை சுகாதார நிலையத்துல பேர் பதிஞ்சிருக்கான்னு கேளுங்க. அங்க கிடைக்காத மருந்துக்கு முதல்வர் மருந்தகம் பாருங்க, 2025 பிப்ரவரியில ஆயிரம் கடை திறந்தாங்க, பிராண்ட் பேரு இல்லாத ஜெனரிக் மருந்து நல்லா விலை குறைவா கிடைக்கும்.

கேள்வி: இந்த மருந்துக் கழகம் மாதிரி வேற மாநிலத்துல இருக்கா? இதுல குறையே இல்லையா?
கல்லூரி மாணவி, தஞ்சாவூர்

பதில்: இருக்கும்மா. கேரளாவுல இருக்கு. ராஜஸ்தான்லயும் இதே மாதிரி ஒரு கழகம் தொடங்கி 2011 காந்தி ஜெயந்தி அன்னிக்கு இலவச மருந்துத் திட்டமே கொண்டு வந்தாங்க.

குறை இருக்கு. மருந்து வந்துடுது, குடுக்க ஆள் பத்தல. கடைசி வருஷங்கள்ல ஒரே ஆளா ஒரு காலையில முன்னூறு சீட்டு பாத்திருக்கேன். ஒருத்தருக்கு ஒரு நிமிஷம் கூட கிடைக்காது, அதுல இது சாப்பாட்டுக்கு முன்னாடி, இது பின்னாடின்னு கண்ணு மங்கின பாட்டிக்கு எப்படிச் சொல்றது? ஸ்ட்ரிப்ப கத்தரிக்கோலால வெட்டி, காலை மாத்திரைக்கு ஒரு வெட்டு, ராத்திரிக்கு ரெண்டு வெட்டுன்னு ஓரத்துல அடையாளம் வச்சுக் குடுப்பேன், பின்னாடி நிக்கறவங்க சத்தம் போடுவாங்க. காலியா இருக்கற மருந்தாளுநர், நர்ஸ் வேலைய நிரப்புனாலே பாதிப் பேர் மாத்திரைய ஒழுங்கா சாப்பிடுவாங்க.