உச்சியில் இருக்கும்போது விலகலாமா?

கேள்வி: என் மகள் 13 வயதில் சினிமாவில் நடிக்க வந்தாள். நான்கு படங்கள் நடித்து நல்ல பெயர் வாங்கினாள். இப்போது 19 வயது. கதாநாயகி வாய்ப்பு இரண்டு வந்தும் வேண்டாம் என்கிறாள். தாவரவியல் படிக்கப் போகிறாளாம். தேடி வந்த லட்சுமியை எட்டி உதைக்கிறாளே என்று வீட்டில் தினமும் சண்டை. அவளுக்கு நல்ல புத்தி சொல்லுங்கள்.
— பெயர் வெளியிட விரும்பாத வாசகி, திருச்சி.

பதில்: சகோதரி, உங்கள் கடிதம் எனக்கு அந்தக் கால ஹாலிவுட் பாடகி-நடிகை டியானா டர்பினை நினைவூட்டியது. திரைப்பட இயக்குநர் சத்யஜித் ராய் தம் பள்ளிப் பருவத்தில் ரசிகராகக் கடிதம் எழுதிப் பதிலும் பெற்றது இவரிடமிருந்துதான். நாஜிகளுக்குப் பயந்து ஆம்ஸ்டர்டாமில் ஒளிந்து வாழ்ந்த யூதச் சிறுமி ஆன் ஃபிராங்க் தன் அறைச் சுவரில் இவருடைய படத்தையும் ஒட்டி வைத்திருந்தாள்.

கனடாவில் 1921-இல் பிறந்து கலிபோர்னியாவில் வளர்ந்தவர். 14 வயதில் இவர் பாடி நடித்த 'த்ரீ ஸ்மார்ட் கேர்ள்ஸ்' என்ற படம், நொடித்துப்போகும் நிலையில் இருந்த யுனிவர்சல் நிறுவனத்தைத் தூக்கி நிறுத்தியது. 17 வயதில் சிறப்பு ஆஸ்கார் விருது. இவர் முகச் சாயலில் பொம்மைகள் கடைக்கு வந்தன. 1939-இல் முதன்முறையாக ஒரு முத்தக் காட்சியில் நடித்தபோது பத்திரிகைகள் அதைத் தலைப்புச் செய்தியாக்கின. வளரும் பெண்ணுக்கு அது எவ்வளவு பெரிய பாரம்! உங்கள் மகள் உங்களிடம் சொல்லாமல் வைத்திருப்பதில் இப்படி ஏதேனும் இருக்கலாம்.

டியானா வளர்ந்தார், அவர் ஏற்ற பாத்திரங்கள் வளரவில்லை. எல்லோருடைய சிக்கலையும் தீர்த்துவிட்டு நடுவில் ஒரு பாட்டுப் பாடும் சமர்த்துப் பெண்ணாகவே ரசிகர்கள் அவரைக் கேட்டார்கள். 1944-இல் 'கிறிஸ்துமஸ் ஹாலிடே' படத்தில் துயரம் தோய்ந்த பெண்ணாக நடித்துப் பார்த்தார். தம் படங்களில் உருப்படியானது அதுதான் என்பது அவர் எண்ணம். ரசிகர்களுக்கோ அது பிடிக்கவில்லை. பழைய வேடத்துக்கே திரும்ப வேண்டியதாயிற்று. அமெரிக்காவிலேயே அதிகச் சம்பளம் வாங்கும் பெண்களில் ஒருவராக இருந்தும், 27 வயது நிறைவதற்குள் கடைசிப் படத்தை முடித்துவிட்டார். அதற்குள் இரண்டு திருமணங்கள் முறிந்திருந்தன.

1950-இல் இயக்குநர் சார்லஸ் டேவிட்டை மணந்து பிரான்சில் ஒரு சிறு கிராமத்தில் குடியேறினார். 'மை ஃபேர் லேடி' நாடகத்தில் நடிக்கச் சொல்லி அதன் ஆசிரியரே வந்து கேட்டும் மறுத்துவிட்டார். 1978-இல் நாடு கடத்தப்பட்டிருந்த ஈரானின் மதத் தலைவர் கொமெய்னி அதே கிராமத்தில் வந்து தங்க, உலகப் பத்திரிகையாளர்கள் அங்கே குவிந்தார்கள். அப்போதும் இவர் வாய் திறக்கவில்லை. நீண்ட பேட்டி என்று ஒன்று கொடுத்தது 1983-இல்தான். 2013-இல், 91 வயதில் காலமானார்.

இவருடன் 1936-இல் ஒரு குறும்படத்தில் சேர்ந்து பாடிய இன்னொரு சிறுமி ஜூடி கார்லண்ட். அவர் கடைசிவரை மேடையை விடவில்லை. 47 வயதில் தூக்க மாத்திரை அளவு மீறி இறந்தார். உங்களைப் பயமுறுத்தச் சொல்லவில்லை. நீடிப்பவர்கள் எல்லோரும் வாழ்ந்தார்கள், விலகியவர்கள் எல்லோரும் இழந்தார்கள் என்று கணக்குப் போடாதீர்கள் என்பதற்காகச் சொல்கிறேன்.

ஆனால் ஒன்று. டியானா வெறுங்கையோடு போகவில்லை. சம்பாதித்தது கையில் இருந்தது, போய்ச் சேர ஒரு வீடு இருந்தது. ஆகவே புத்தி சொல்ல வேண்டியது உங்கள் மகளுக்கு அல்ல, உங்களுக்குத்தான். 14 வயதுக்குள் நடிக்கும் குழந்தையின் வருமானத்தில் குறைந்தது 20 சதவீதத்தை அந்தக் குழந்தையின் பெயரில் தேசியமயமாக்கப்பட்ட வங்கியில் வைப்புத்தொகையாகப் போட வேண்டும் என்று மத்திய அரசின் 2017-ஆம் ஆண்டு குழந்தைத் தொழிலாளர் திருத்த விதிகள் சொல்கின்றன. முதல் படத்துக்கு அப்படிப் போடப்பட்டதா? போட்டிருந்தால் அந்தப் பணம் இப்போது அவளுடையது. போடவில்லை என்றால், மற்றப் படங்களின் சம்பளத்தையும் சேர்த்து எழுதி, எது எதற்குச் செலவானது என்று அவளிடம் ஒளிக்காமல் சொல்லுங்கள். வீட்டுக் கடன் அடைத்திருந்தால் அதையும் சொல்லுங்கள். அவளுக்குத் தெரிய உரிமை இருக்கிறது.

அதன்பிறகு கல்லூரி விண்ணப்பத்தை இருவரும் சேர்ந்தே நிரப்புங்கள். அந்த இரண்டு தயாரிப்பாளர்களுக்கும் மறுப்பை நீங்களே மரியாதையாகச் சொல்லிவிடுங்கள். அந்தச் சங்கடத்தை அவள் தலையில் போட வேண்டாம். சில ஆண்டுகள் கழித்து நடிக்க வேண்டும் என்று அவளுக்கே தோன்றினால், அவளே கேட்டுப் போகட்டும்.