எரிமலை வெடிக்காவிட்டாலும் அடிவாரத்து ஊர்களுக்கு ஆபத்து உண்டா?

உண்டு. அதுவும் மலை பனியால் மூடியிருந்து, கீழே ஆறும் ஊரும் இருந்தால், வெடிப்பைவிட இந்த ஆபத்துதான் அடிக்கடி வரும். "பல நூற்றாண்டாக வெடிக்காத மலை, பயமில்லைதானே? பெம்பர்டனில் வீடு வாங்கலாமா?" என்று கேள்வியில் எழுதியிருக்கிறீர்கள். கனடாவின் மேற்கில் அந்த ஊருக்கு மேலே இருக்கும் மீகர் மலை எனக்கு நன்றாகத் தெரிந்த மலை, அதை வைத்தே பதில் சொல்கிறேன்.

நான் வான்கூவர் பக்கம் பதினொரு வருடமாக இருக்கிறேன். செப்டம்பர் வந்தால் குடும்பத்தோடு பெம்பர்டன் போய் இரண்டு மூட்டை உருளைக்கிழங்கு வாங்கி வருவது எங்கள் வழக்கம். விஸ்லர் தாண்டிப் போக வேண்டும். இரண்டு பக்கமும் செங்குத்தான மலை, நடுவில் பாய் விரித்த மாதிரி தட்டையான வயல், அதன் ஊடே லில்லூவெட் ஆறு. நோய் இல்லாத விதைக்கிழங்குக்குப் பேர் போன மண். பக்கத்திலேயே மவுண்ட் கரி, லில்வட் பழங்குடி மக்களின் ஊர். இந்தப் பள்ளத்தாக்குக்கு உரியவர்கள் அவர்கள்தான். மற்றவர்கள் எல்லாம் பிறகு வந்தவர்கள்.

பெம்பர்டனிலிருந்து ஆற்றோடு சுமார் 65 கிலோமீட்டர் மேலே போனால் மீகர் மலை. எரிமலை என்றதும் மனதில் வரும் கூம்பு மாதிரி இருக்காது. பல உச்சிகள் நெருங்கி நிற்கும் ஒரு கூட்டம் அது. உயரமான உச்சி 2,680 மீட்டர்.

முதல் தடவை போனபோது ஆற்றங்கரையில் கொஞ்ச நேரம் உட்கார்ந்திருந்தோம். தண்ணீர் அரிசி களைந்த கழுநீர் மாதிரி சாம்பலும் வெள்ளையுமாக ஓடியது. மேலே மலைச்சரிவில் மெல்ல நகரும் பனியாறுகள் பாறையை அரைத்து அனுப்பும் மாவுதான் அந்த நிறம். கூழாங்கற்களுக்கு நடுவே வெளிறிய ஒரு கல் கிடந்தது. என் மகள் எடுத்தாள், "கனமே இல்லப்பா" என்று தண்ணீரில் போட்டாள். அது மிதந்துகொண்டே போய்விட்டது! குதிகால் தேய்க்கக் குளியலறையில் வைத்திருப்போமே, அதே நுரைக்கல்.

சுமார் 2,400 ஆண்டுகளுக்கு முன் மீகர் வெடித்தபோது வெளியே வந்த கல் அது. அப்போது பறந்த சாம்பல் ஆல்பர்ட்டா வரை போய் விழுந்திருக்கிறது. மலையிலிருந்து கொட்டிய சூடான சாம்பலும் கல்லும் லில்லூவெட் ஆற்றையே மறித்து அணை கட்டியது. பிறகு அந்த அணை உடைந்து, பெரிய பெரிய பாறைகளை உருட்டிக்கொண்டு வெள்ளம் இறங்கியது.

வெடிப்பு அதோடு ஓய்ந்தது. ஆனால் உள்ளே சூடு போகவில்லை. அடிவாரத்தில் வெந்நீர் ஊற்றுகள் இருக்கின்றன. 2016-இல் மேலே ஒரு பனியாற்றில் ஆவி துளைத்த குகைகளே தெரிந்தன. இந்தச் சூடும் அமிலம் கலந்த நீரும் நூற்றாண்டுக் கணக்கில் ஊறி, பாறையைக் களிமண்ணாக்கிவிடுகின்றன. வெளியே பார்த்தால் மலை; உள்ளே கறையான் அரித்த கட்டை. அந்தக் கட்டைக்கு இதுநாள்வரை முட்டுக் கொடுத்து நின்றது பனியாறு. இப்போது அது உருகிப் பின்வாங்குகிறது, முட்டு போகிறது. உருகிய நீரோ பாறையின் விரிசல்களுக்குள் இறங்குகிறது. கோடை வெயில் நன்றாக அடித்தால் போதும், பூகம்பமோ வெடிப்போ தேவையே இல்லை.

2010 ஆகஸ்ட் 6 அன்று நடந்தது அதுதான். விடிகாலை சுமார் மூன்றரை மணி. மீகரின் தெற்குச் சரிவு இடிந்தது. ஏறக்குறைய 5 கோடி கன மீட்டர் பாறையும் மண்ணும். கனடாவில் பதிவானவற்றில் மிகப் பெரிய சரிவுகளில் ஒன்று. கேப்ரிகார்ன் ஓடைக்குள் விழுந்து, அங்கே நீரோடு குழைந்து, சேறும் பாறையுமாக சராசரியாக மணிக்கு 230 கிலோமீட்டர் வேகத்தில் ஓடியது. பன்னிரண்டு கிலோமீட்டருக்கு மேல் போய்த்தான் நின்றது. மீகர் ஓடையைச் சுமார் 19 மணி நேரமும் லில்லூவெட் ஆற்றைச் சுமார் 2 மணி நேரமும் மறித்துப் போட்டது.

கீழே பெம்பர்டனில் சுமார் 1,500 பேரை வீட்டைவிட்டு வெளியேற்றினார்கள். மேலே தேங்கிய நீர் ஒரேயடியாக உடைத்துக்கொண்டு வந்திருந்தால் என்ன ஆகியிருக்கும் என்று நினைத்தாலே எனக்கு வயிற்றைக் கலக்குகிறது. நல்லவேளை, தண்ணீர் அணையைக் கொஞ்சம் கொஞ்சமாக அறுத்துக்கொண்டு இறங்கியது. ஓர் உயிர்கூடப் போகவில்லை. 1975-இல் அப்படி வாய்க்கவில்லை. அந்த ஜூலையில் பக்கத்து டெவஸ்டேஷன் பனியாற்றுச் சரிவு இடிந்து விழுந்ததில், கீழே ஆய்வு வேலைக்குப் போயிருந்த நான்கு பேர் புதைந்து இறந்தார்கள்.

பெரும்பாலானவர்கள் கவனிக்காத பகுதி இதற்கு அப்புறம்தான் வருகிறது. சரிவு ஒரே நாளில் முடிந்துவிடும். அந்த மண் முடிவதில்லை. ஒவ்வொரு கோடையிலும் ஆறு அதில் கொஞ்சம் அள்ளிக் கீழே கொண்டு வருகிறது. ஓட்டம் தளரும் இடம் எது? பெம்பர்டனின் தட்டை நிலம். அங்கே மணலும் சரளையும் படிந்து ஆற்றின் படுகை உயர்கிறது. கரை அதே உயரத்தில்தான் இருக்கிறது. போன தலைமுறையில் கரைக்குள் அடங்கிய அதே அளவு மழைவெள்ளம் இப்போது தெருவுக்கு வரலாம். இங்கே இலையுதிர்கால மழை சாதாரணமானதும் இல்லை. 2003 அக்டோபர் வெள்ளம் நெடுஞ்சாலைப் பாலத்தையே அடித்துக்கொண்டு போய் உயிர்களைக் குடித்தது.

1940களின் பிற்பகுதியில் தொடங்கி இங்கே ஆற்றை நேராக வெட்டி, கரை எழுப்பி, ஆறு போய்ச் சேரும் லில்லூவெட் ஏரியின் மட்டத்தைக்கூடத் தாழ்த்தி, சதுப்பை வயலாக்கினார்கள். உழைப்பைக் குறை சொல்ல மாட்டேன், அந்த வயல் கிழங்கைத்தான் நானும் சாப்பிடுகிறேன். ஆனால் வளைந்து நெளிந்து பரவி மண்ணைப் போட்டுக்கொண்டிருந்த ஆற்றை ஒரு வாய்க்காலுக்குள் அடைத்ததும், மண் போட அதற்கு வேறு இடம் இல்லாமல் போனது.

வயலுக்கு அடியில் துளை போட்டுப் பார்த்தவர்கள், பழைய சேற்றோட்டங்களின் படிவுகளைக் கண்டிருக்கிறார்கள். அதாவது இப்போது வீடுகள் இருக்கும் இடம்வரை மலை முன்பே வந்து போயிருக்கிறது. செயற்கைக்கோள் ராடார் வைத்து ஆராய்ந்தவர்கள், நிலையில்லாத பெரிய சரிவுகளாக 27 இடங்களை மீகரில் குறித்திருக்கிறார்கள்.

பெம்பர்டனில் வீடு வாங்கலாமா என்றும் கேட்டிருக்கிறீர்கள். நானாக இருந்தால் ஆற்றோரத் தட்டையில் வாங்க மாட்டேன். மலையோர மேட்டில், அதுவும் பக்கத்து ஓடை வாயைவிட்டு விலகி இருந்தால் யோசிப்பேன். ஊராட்சியில் வெள்ளப்பகுதி வரைபடம் கேளுங்கள். அது 2010-க்குப் பிறகு படுகையை மறுபடி அளந்து போட்டதா என்றும் கேளுங்கள். பழைய அளவை வைத்துப் போட்ட வரைபடத்தை நம்ப வேண்டாம்.

இன்னொன்று. நல்ல வெயில் காலத்தில் பனியாற்று நதி நிறைந்துதான் ஓட வேண்டும். அது திடீரென்று குறைந்தால் மேலே எங்கோ அடைத்திருக்கிறது என்று அர்த்தம். நின்று வேடிக்கை பார்க்காமல் மேட்டுக்குப் போக வேண்டும். எங்களுக்குக் கிழங்கு விற்கும் பெரியவர் 2010 ஆகஸ்டில் அங்கேதான் இருந்தார். அந்தக் காலையில் பாலத்துக்குப் போனதும் அவர் முதலில் பார்த்தது தூணைத்தானாம். முந்தின நாள் தண்ணீர் நின்ற உயரத்தில் ஈரச்சேறு இன்னும் காயாமல் இருந்தது, ஆறு அதற்குக் கீழே இறங்கிக் கிடந்தது. அவர் வீட்டுக்குத் திரும்பி முதலில் மாடுகளை அவிழ்த்துவிட்டார்.