போர்க்காலத்தில் அலிதா வள்ளியின் திரைவாழ்க்கை எப்படி இருந்தது?

இரண்டாம் உலகப் போரின்போது இத்தாலியில் இருந்த பெரிய நட்சத்திரங்களில் அலிதா வள்ளியும் ஒருவர். 1921-இல் போலாவில் பிறந்தவர். அப்போது இத்தாலியிடம் இருந்த அந்த ஊர் இன்று குரோவாசியாவில் இருக்கிறது. ரோமில் திரைப்படப் பயிற்சிக் கல்லூரியில் படித்துவிட்டு, முதலில் இலேசான காதல் நகைச்சுவைப் படங்களில்தான் நடித்தார்.

அவரைத் தேர்ந்த நடிகையாக நிறுத்தியது 1941-இல் மரியோ சொல்தாத்தி இயக்கிய 'பிக்கோலோ மோந்தோ அந்திகோ'. அதில் நடித்தபோது அவருக்கு 20 வயதுகூட நிரம்பியிருக்கவில்லை. குழந்தையைப் பறிகொடுத்த தாயாக நடித்தார்!

அடுத்த ஆண்டு வந்த 'நோய் விவி' இன்னும் சுவாரசியமானது. ரஷ்யாவில் பிறந்த அமெரிக்க எழுத்தாளர் அயன் ராண்டின் நாவலை அவர் அனுமதியே இல்லாமல் படமாக்கினார்கள். சோவியத் ஆட்சியைச் சாடும் கதை என்பதால் முசோலினி அரசு விட்டுவைத்தது. ஆனால் மக்களோ அதில் தங்கள் நாட்டின் சர்வாதிகாரத்தையே பார்த்தார்கள். படம் திரையரங்குகளிலிருந்து தூக்கப்பட்டது.

1943-இல் இத்தாலியின் வடக்கில் முசோலினி தலைமையில் அமைந்த பாசிச அரசுக்காக நடிக்க மறுத்து, வள்ளி ரோமில் மறைந்து வாழ்ந்தார். என் பார்வையில், அவர் நடித்த எந்தப் படத்துக்கும் குறையாத மதிப்பு இந்த மறுப்புக்கு உண்டு.

போருக்குப் பின் ஹாலிவுட் அழைத்தது. 1949-இல் வந்த 'தி தேர்ட் மேன்' அவரை உலகறியச் செய்தது.